ஜார்ஜ் டவுன் தெருவோவிய நடை: புறப்படும் முன் கேட்கப்படும் கேள்விகள்

பினாங்குக்கு வரும் சொந்தக்காரர்களும் நண்பர்களும், அவர்கள் மூலமாக அறிமுகமானவர்களும் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறேன். சிலவற்றுக்கு இரண்டு வரியில் பதில் போதும். சிலவற்றுக்குக் கொஞ்சம் உட்கார்ந்து பேச வேண்டியிருக்கிறது.

எந்தப் பகுதியில் நடக்கிறோம்?

மலேசியாவின் பினாங்குத் தீவில், ஜார்ஜ் டவுன் நகரத்தின் பழைய பகுதியில். 1786-இல் பிரான்சிஸ் லைட் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனிக்காக வந்து இறங்கிய பிறகு துறைமுகமாக வளர்ந்த ஊர் இது. 2008 ஜூலை 7 அன்று மலாக்காவோடு சேர்த்து இதை யுனெஸ்கோ உலக மரபுச் சின்னமாக அறிவித்தது. சுற்றியுள்ள பாதுகாப்பு வளையத்தையும் சேர்த்தால் ஏறக்குறைய 260 ஹெக்டேர். அத்தனையையும் ஒரே நடையில் பார்த்துவிட முடியாது. பெரும்பாலான நடைகள் ஆர்மேனியன் தெரு, கேனன் தெரு, ஆ குவீ தெரு, சூலியா தெருவின் கடலோர முனை, லவ் லேன், முன்ட்ரி தெரு ஆகியவற்றைச் சுற்றியே அமையும். பெயர்ப் பலகைகளில் ‘லெபோ’, ‘லோரோங்’ என்று மலாயில் இருக்கும். லெபோ என்றால் தெரு, லோரோங் என்றால் சந்து.

இந்த ஓவியங்களை யார் வரைந்தார்கள்? எப்போது?

பலரும் தேடி வருவது எர்னெஸ்ட் சகாரெவிச் வரைந்தவற்றை. லித்துவேனியாவில் பிறந்து லண்டனில் கலை படித்தவர். 2012-இல் ஜார்ஜ் டவுன் விழாவுக்காக இந்தச் சுவர்களில் வரைந்தார். ஆர்மேனியன் தெருவில் சைக்கிள் மிதிக்கும் அக்காவும், அவள் இடுப்பைக் கட்டிக்கொண்டு பின்னால் உட்கார்ந்திருக்கும் தம்பியும் அவருடையது. பிள்ளைகள் வண்ணத்தில் இருக்கிறார்கள். சைக்கிள் நிஜம், சுவரோடு சேர்த்துப் பொருத்தியது. ஆ குவீ தெருவில் நிஜ மோட்டார் சைக்கிள் மேல் உட்கார்ந்து திரும்பிப் பார்க்கும் பையன், கேனன் தெருவில் நாற்காலி மேல் ஏறிக் கையை நீட்டும் சிறுவன், முன்ட்ரி தெருவில் இரண்டு சன்னல்களின் மேல் கையூன்றித் தொங்கும் நீலச்சட்டைச் சிறுமி, பினாங்கு சாலையில் சவாரிக்குக் காத்திருக்கும் ரிக்‌ஷாக்காரர், எல்லாம் அதே ஆண்டின் வேலை.

ஆனால் அவரோடு கதை முடியவில்லை. சூலியா தெருவின் கடலோர முனையில் ஊஞ்சலாடும் அண்ணன் தங்கையை வரைந்தவர் உள்ளூர் ஓவியர் லூயிஸ் கான். 2013-இல் தெருநாய்களுக்கும் பூனைகளுக்கும் ஆதரவு திரட்டிய ஒரு கலைஞர் குழு பூனை ஓவியங்களை வரிசையாக வரைந்தது. ரஷ்யாவைச் சேர்ந்த யூலியா வோல்ச்கோவா வரைந்த இந்தியப் படகோட்டியும் இந்த ஊர்ச் சுவரில் இருக்கிறார். துறைமுகத்தில் சரக்குப் படகு ஓட்டிய தமிழர்களை நினைத்தபடி அந்த முகத்துக்கு முன்னால் கொஞ்ச நேரம் நில்லுங்கள் என்று தமிழர்களிடம் தவறாமல் சொல்வேன்.

சுவரில் வளைத்து வைத்த இரும்புக் கம்பிச் சித்திரங்கள்?

அவை வண்ண ஓவியங்களுக்கும் முந்திய திட்டம். மரபுச் சின்ன அறிவிப்புக்குப் பிறகு, ஊரின் கதையைத் தெருவிலேயே சொல்ல வேண்டும் என்று மாநில அரசு 2009-இல் ஒரு போட்டி வைத்தது. அதன் விளைவாக உள்ளூர்க் கேலிச்சித்திரக்காரர்களின் கோடுகளில் மொத்தம் 52 கம்பிச் சித்திரங்கள் சுவர்களில் ஏறின. ஒவ்வொன்றும் அது நிற்கும் தெருவின் சேதியைச் சொல்கிறது. சூ ஹொங் சந்தில் இருப்பது ரிக்‌ஷாகூட நுழைய முடியாத சந்தின் குறுகலைச் சொல்லும். காலணி வடிவமைப்பாளர் ஜிம்மி சூ தொழில் பழகிய இடத்தில் அவருக்கும் ஒன்று உண்டு.

சைக்கிள் ஓவியத்துக்கு முன்னால் வரிசை நிற்கும். கம்பிச் சித்திரத்துக்கு முன்னால் அநேகமாக யாரும் நிற்பதில்லை. எனக்கு அது வருத்தம். ஊரைப் புரிந்துகொள்ள இந்த 52-தான் உண்மையான வழிகாட்டி.

இலவச வரைபடம் கிடைக்கிறதே, வழிகாட்டி எதற்கு?

ஓவியம் இருக்கும் இடத்தைக் கண்டுபிடிக்க மட்டும் என்றால் வழிகாட்டி தேவையே இல்லை. சுற்றுலா அலுவலகத்திலும் பல தங்கும் விடுதிகளிலும் வரைபடம் கிடைக்கும், கைப்பேசியும் காட்டிவிடும். வழிகாட்டி தேவைப்படுவது சுவருக்குப் பின்னால் இருப்பதைத் தெரிந்துகொள்ள.

கேனன் தெருவையே எடுத்துக்கொள்ளுங்கள். நாற்காலிச் சிறுவனைப் படம் எடுத்துவிட்டுப் போகிறவர் அது எந்தத் தெரு என்றுகூடப் பார்ப்பதில்லை. 1867-இல் பினாங்கில் பெரும் கலவரம் மூண்டது. சீனர்களின் இரண்டு ரகசியச் சங்கங்கள் மோதிக்கொண்டன. வெள்ளைக்கொடி, செங்கொடி என்ற பெயரில் இயங்கிய மலாய், இந்திய முஸ்லிம் அமைப்புகள் ஆளுக்கொரு பக்கம் சேர்ந்துகொண்டன. அப்போது சுட்ட பீரங்கிக் குண்டு இங்கே துளை போட்டதால்தான் தெருவுக்கே பீரங்கித் தெரு என்று பெயர் வந்தது. அதைச் சொல்லும் கம்பிச் சித்திரம் அதே தெருவில் இருக்கிறது. இந்தத் தெருவிலிருந்து நுழைந்தால் கூ கொங்சி வரும். கூ குலத்தார் 1906-இல் கட்டி முடித்த மாளிகை போன்ற குலக்கோயில் அது. குலமாகச் சேர்ந்து வாழ்வது இங்கே ஏன் உயிர்ப் பிரச்சினையாக இருந்தது என்பது கலவரத்தின் கதையைக் கேட்ட பிறகுதான் புரியும். நல்ல வழிகாட்டி இந்த மூன்றையும் ஒரே இடத்தில் நிறுத்திக் கோத்துச் சொல்லுவார்.

ஆர்மேனியன் தெருவும் அப்படித்தான். சைக்கிளுக்குக் கொஞ்ச தூரத்தில் 120-ஆம் எண் வீடு இருக்கிறது. சீனாவில் மன்னராட்சியைக் கவிழ்க்கத் திட்டமிட்ட சுன் யாட்-சென் 1910-இல் தம் ஆதரவாளர்களோடு கூடிப் பேசிய இடம் அது.

நல்ல வழிகாட்டியை எப்படிக் கண்டுபிடிப்பது?

மலேசியாவில் வழிகாட்டித் தொழிலுக்குச் சுற்றுலா அமைச்சின் உரிமம் வேண்டும். உரிமம் பெற்றவர் அடையாள அட்டை அணிந்திருப்பார். முதலில் அதைப் பாருங்கள்.

பிறகு பதிவு செய்யும்போதே ஒரு கேள்வி கேளுங்கள்: “அந்தச் சுவருக்குப் பின்னால் யார் இருக்கிறார்கள்?” வீடா, கடையா, எத்தனை தலைமுறையாக, என்ன தொழில் என்று பேச ஆரம்பித்தால் அவரோடு போகலாம். “அங்கே படம் சூப்பராக வரும்” என்று மட்டும் சொன்னால் வேறு ஆளைப் பாருங்கள். எத்தனை ஓவியங்களைக் காட்டுகிறார் என்ற எண்ணிக்கையை வைத்து முடிவு செய்யாதீர்கள். இரண்டரை மணி நேரத்தில் முப்பது இடம் என்றால் அது ஓட்டம். பத்து, பன்னிரண்டு இடம் போதும்.

கட்டணம் குழுவின் அளவைப் பொறுத்து மாறும். நுழைவுச்சீட்டு, தண்ணீர், தின்பண்டம் இதில் சேர்த்தியா என்று முன்கூட்டியே கேட்டுவிடுங்கள். ஓவியங்களைப் பார்க்கக் காசு கிடையாது. கூ கொங்சி போன்ற இடங்களுக்குள் போக மட்டும் தனிச்சீட்டு வாங்க வேண்டும்.

தமிழில் விளக்குபவர் கிடைப்பாரா? தமிழர்களுக்கு இதில் என்ன இருக்கிறது?

கிடைப்பார், ஆனால் முன்பே சொல்லி வைக்க வேண்டும். கடைசி நிமிடத்தில் கேட்டால் ஆங்கிலம் அல்லது மலாய்தான்.

இரண்டாவது கேள்விக்குப் பதில் காலடியிலேயே இருக்கிறது. சூலியா என்று இங்கே அழைக்கப்பட்டவர்கள் சோழமண்டலக் கரையிலிருந்து கப்பலேறி வந்த தமிழ் முஸ்லிம் வணிகர்கள். அவர்கள் பெயரில்தான் சூலியா தெரு. அவர்கள் தலைவரான காதர் மைதீன் முன்னின்று 1801-இல் தொடங்கியது கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல். அருகிலேயே நாகூர் சாகுல் ஹமீது ஆண்டவர் நினைவாக எழுந்த நாகூர் தர்கா. சற்றுத் தள்ளி குவீன் தெருவில் 1833-இல் எழுந்த மகா மாரியம்மன் கோயில். அதற்குப் பக்கத்தில் பினாங்குத் தெரு; நம்மவர்களுக்கு அது கடைத்தெரு. இந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்ட தண்டனைக் கைதிகளின் உழைப்பில் 1818-இல் கட்டி முடிந்த செயின்ட் ஜார்ஜ் தேவாலயமும் நடக்கும் தூரத்தில்தான்.

பெரும்பாலான தெருவோவிய நடைகள் இந்தப் பக்கம் வருவதில்லை, இங்கே சுவரோவியம் குறைவு என்ற காரணத்தால். கூட அரை மணி நேரம் கேளுங்கள். லிட்டில் இந்தியா என்ற இந்தப் பகுதியைத் தொடாமல் முடியும் நடை எனக்குப் பாதி நடைதான்.

எவ்வளவு நேரம்? எப்போது போவது நல்லது?

இரண்டு முதல் மூன்று மணி நேரம். தூரம் பெரிதில்லை, நின்று நின்று போவதால்தான் நேரம் எடுக்கும்.

காலை எட்டு மணிக்குத் தொடங்குங்கள். வெயில் ஏறியிருக்காது, கூட்டமும் இருக்காது. அதைவிட முக்கியம், ஊர் தன் வேலையைத் தொடங்கும் நேரம் அது. கடைக்காரர் கதவைத் திறப்பார், சாமிமாடத்தில் ஊதுபத்தி ஏற்றுவார், வாசலைக் கழுவி விடுவார். பத்து மணிக்கு மேல் சைக்கிளைச் சுற்றி ஆள் நிற்கும். சனி, ஞாயிறு, பள்ளி விடுமுறை நாட்களில் நிற்க இடம் கிடைக்காது. மாலை நான்கரைக்கு மேலும் நன்றாகத்தான் இருக்கும், ஆனால் பல கடைகள் மூடும் நேரம்.

மழை வந்தால்?

பினாங்கில் எந்த மாதமும் மழை வரலாம். செப்டம்பர் முதல் நவம்பர் வரை அதிகம். பிற்பகலில் பொழிந்து ஓயும். காக்கி லிமா என்று இங்கே சொல்லும் ஐந்தடி நடைபாதை கடைவீடுகளின் முகப்பில் கூரையோடு ஓடுகிறது. அதில் ஒதுங்கி நின்று கதை கேட்கலாம். குடை போதும்.

பெரியவர்கள், சின்னப் பிள்ளைகள், சக்கர நாற்காலி?

பிள்ளைகளுக்குக் கொண்டாட்டம். ஊஞ்சல், பூனைகள், சைக்கிள் எல்லாம் அவர்கள் உயரத்தில்தான்.

முதியவர்களுக்குக் கொஞ்சம் யோசித்துத்தான் சொல்ல வேண்டும். ஐந்தடி நடைபாதை வீட்டுக்கு வீடு உயரம் மாறும். ஒரு வாசலில் படி ஏறும், அடுத்ததில் இறங்கும், நடுவில் மோட்டார் சைக்கிளும் பூந்தொட்டியும் மறிக்கும். ஓரத்தில் ஆழமான சாக்கடை. சக்கர நாற்காலியைச் சாலையிலேயே தள்ளிப் போக நேரும், அங்கே வண்டிகளும் ஓடும். இப்படிப்பட்டவர்களோடு வருகிறீர்கள் என்றால் வழிகாட்டியிடம் முன்பே சொல்லி ஆர்மேனியன் தெருவை மட்டும் நிதானமாகப் பார்க்கும் நடையாக அமைத்துக்கொள்ளுங்கள். மற்ற இடங்களை ரிக்‌ஷாவில் பார்க்கலாம். மையப் பகுதியைச் சுற்றி ‘கேட்’ என்ற இலவசப் பேருந்தும் ஓடுகிறது.

ஓவியங்கள் ஏன் இப்படி மங்கியும் உரிந்தும் கிடக்கின்றன? இதற்கா இவ்வளவு தூரம் வந்தோம்?

ஏமாற்றத்தோடு பலர் கேட்பது இது. சைக்கிள் ஓவியத்தின் அருகில் போய், தரையை ஒட்டிய பகுதியைப் பாருங்கள். காரை பொரிந்திருக்கும், வெள்ளையாக உப்புப் பூத்திருக்கும். இந்தக் கடைவீடுகள் செங்கல்லையும் சுண்ணாம்புக் காரையையும் கொண்டு கட்டியவை. அடித்தளத்திலிருந்து ஓதம் ஏறும்; சுண்ணாம்புச் சுவர் அந்த ஈரத்தை வெளியே விட்டுவிடும். அதனால்தான் பழைய நாளில் வெறும் சுண்ணாம்பு அடித்தார்கள். அதன் மேல் நவீன வண்ணம் படிந்தால் ஈரம் வெளியேற வழியில்லாமல் உள்ளே தங்கும். கரைந்த உப்பு வண்ணத்துக்கு அடியில் திரண்டு அதை உந்தித் தள்ளும், கடைசியில் காரையோடு பெயர்த்துக்கொண்டு வரும். கடற்காற்றும் வெயிலும் மழையும் மேலே இருந்து செய்ய வேண்டியதைச் செய்யும். போதாததற்கு ஆயிரக்கணக்கான கைகள்.

சிலவற்றுக்கு ஓவியரே பின்னாளில் வந்து வண்ணம் தீட்டிப் புதுப்பித்தார். சிலவற்றை அப்படியே விட்டுவிட்டார்கள். சியூ குலத்தாரின் கடல்மேல் குடியிருப்பில் படகில் போகும் பிள்ளைகளின் ஓவியம் ஒன்று இருந்தது; அது ஏறக்குறைய அழிந்தே போனது.

எல்லாவற்றையும் ஆண்டுக்கொரு முறை புதிதாகத் தீட்ட வேண்டும் என்று கேட்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. இருநூறு ஆண்டுகள் நின்ற சுவர் மூச்சுவிட வேண்டும். ஓவியமா சுவரா என்று வந்தால் நான் சுவரின் பக்கம்.

இவையெல்லாம் அனுமதி பெற்று வரைந்தவையா?

பெயர்பெற்றவை அனுமதியோடு வந்தவை. விழாவும் மாநில அரசும் பின்னால் இருந்தன, வீட்டுக்காரரும் சம்மதித்தார். புகழ் பரவிய பிறகு கண்ட கண்ட சுவரில் எல்லாம் ஓவியம் முளைத்தது. தன் கடைக்குக் கூட்டம் சேர்க்க யாரையோ கூப்பிட்டு ஒரு பொம்மையை வரையச் சொன்னவர்களும் உண்டு. மரபுச் சின்ன எல்லைக்குள் சுவரில் வரைய நகராண்மையின் ஒப்புதல் வேண்டும் என்ற கட்டுப்பாடு வந்தது அதனால்தான்.

சுவரில் எதைச் சொல்லலாம் என்ற கேள்வியும் உண்டு. இதே சகாரெவிச் 2013-இல் மலேசியாவின் தென்முனை நகரமான ஜொகூர் பாருவில் ஒரு தெருமுனையில் வரைந்தார். லெகோ பொம்மை வடிவில் கைப்பையோடு ஒரு பெண் வருகிறாள்; முனைக்கு அந்தப் பக்கம் கத்தியோடு ஒரு திருடன் பதுங்கியிருக்கிறான். அந்த ஊரில் நடந்த வழிப்பறிகளைத்தான் அது சொன்னது. சில நாட்களிலேயே நகராண்மை வெள்ளையடித்து மறைத்துவிட்டது. சைக்கிள் பிள்ளைகள் தபால் அட்டையில் ஏறினார்கள், கத்திக்காரனுக்கு வெள்ளைச் சுண்ணாம்பு. இரண்டையும் வரைந்தது ஒரே கைதான் என்பதை ஆர்மேனியன் தெருவில் நிற்கும்போது நினைத்துக்கொள்ளுங்கள்.

சைக்கிளில் உட்காரலாமா? தொடலாமா?

ஊஞ்சலில் உட்காரலாம், அது அதற்காகவே வைத்தது. சைக்கிள் மேலும் மோட்டார் சைக்கிள் மேலும் ஏற வேண்டாம். அருகில் நின்று பிடித்துக்கொள்வதுபோல் காட்டினாலே படம் நன்றாக வரும். வண்ணத்தின் மேல் கை வைக்காதீர்கள். உங்கள் பெயரைக் கிறுக்க நினைத்தால் தயவுசெய்து இந்த ஊருக்கே வராதீர்கள்.

வரிசை இருந்தால் உங்கள் முறை வரும்வரை நில்லுங்கள், இரண்டு மூன்று படங்களோடு நகருங்கள்.

அங்கே குடியிருப்பவர்களைப் படம் எடுக்கலாமா?

கேட்டுவிட்டு எடுங்கள். வாசலில் உட்கார்ந்து காய் நறுக்கும் பாட்டி காட்சிப்பொருள் இல்லை; அவர் தன் வீட்டில் இருக்கிறார். திறந்த கதவுக்குள் கேமராவை நீட்டாதீர்கள். சியூ குடியிருப்பில் இந்தத் தொல்லை அதிகம். சன்னலுக்குள் எட்டிப் பார்ப்பவர்கள், காயப்போட்ட துணியை ஒதுக்கிவிட்டுப் படம் எடுப்பவர்கள் எல்லாரையும் பார்த்திருக்கிறேன். அங்கே வீட்டுக்காரர்கள் படம் எடுக்காதீர்கள் என்று பலகை மாட்டியிருக்கிறார்கள். மதியுங்கள்.

ஒரு சிரிப்பும், ‘சிலாமாட் பாகி’ என்ற காலை வணக்கமும், அவர் கடையில் ஒரு பாட்டில் தண்ணீர் வாங்குவதும் போதும். பல நேரம் அவர்களே கூப்பிட்டு உட்கார வைத்துப் பேசுவார்கள்.

இந்த ஓவியங்களால் ஊருக்கு நல்லது நடந்ததா?

இது என்னை அதிகம் அலைக்கழிக்கும் கேள்வி. ஆம் என்றும் சொல்ல முடியும், இல்லை என்றும் சொல்ல முடியும்.

பழைய கடைவீடுகளில் பல குடும்பங்கள் குறைந்த வாடகையில் தலைமுறைகளாக இருந்தன. 1966-ஆம் ஆண்டின் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் அவர்களைக் காத்தது. அந்தச் சட்டம் விலக்கப்பட்டு 2000-ஆம் ஆண்டு பிறந்தபோது வாடகை சந்தை விலைக்கு ஏறியது; கொடுக்க முடியாதவர்கள் வெளியேறினார்கள். பல வீடுகள் பூட்டிக் கிடந்தன. 2008-இல் மரபுச் சின்னம் என்ற பெயர் வந்தது, 2012-இல் ஓவியங்கள் வந்தன, கூட்டம் வந்தது. பூட்டிய கதவுகள் திறந்தன. விழ இருந்த கூரைகளைச் சீரமைத்தார்கள். இளைஞர்களுக்கு வேலை கிடைத்தது. இதெல்லாம் கண்ணால் பார்க்கும் நன்மை.

ஆனால் திறந்த கதவுகளுக்குள் பெரும்பாலும் காப்பிக்கடையும் விடுதியும் நினைவுப்பொருள் கடையும்தான் வந்தன. பிரம்பு முடைபவர், பெயர்ப்பலகை செதுக்குபவர், தகரக்காரர் போன்றவர்கள் ஒவ்வொருவராகக் குறைந்தார்கள். பிள்ளைகள் சைக்கிளில் போகும் ஓவியம் இருக்கும் தெருவில் சைக்கிள் ஓட்டும் பிள்ளைகள் குறைந்துபோனார்கள். ஓவியம் மட்டுமே இதற்குக் காரணம் என்று சொல்வது அநியாயம். வாடகைச் சட்டம் போனதுதான் முதல் அடி. ஆனாலும் கூட்டம் வர வர வாடகை ஏறியது, அதையும் மறைக்கக் கூடாது.

நீங்கள் வராமல் இருப்பதால் இது சரியாகிவிடாது. வந்தால் காசை எங்கே செலவழிக்கிறீர்கள் என்று பாருங்கள். ஆர்மேனியன் தெருவில் சைக்கிள் படம் போட்ட சட்டையைவிட, இன்னும் கையால் ஏதாவது செய்து விற்கும் ஒருவரிடம் சின்னதாக ஒன்று வாங்குங்கள். அப்படிப்பட்டவர்களின் கடைகளுக்கு அழைத்துப் போகும் வழிகாட்டிகள் இருக்கிறார்கள்.

என்ன எடுத்துக்கொண்டு போக வேண்டும்?

தண்ணீர், தொப்பி, குடை, வழுக்காத செருப்பு. கோயில், பள்ளிவாசலுக்குள் போக எண்ணமிருந்தால் தோளும் முழங்காலும் மறைக்கும் உடை. சின்னக் கடைகளுக்குச் சில்லறை ரிங்கிட்.

நடை முடிந்ததும் எங்கே சாப்பிடலாம்?

நாசி கண்டார் சாப்பிடாமல் பினாங்கிலிருந்து கிளம்பக் கூடாது. காவடிபோல் தோளில் சுமந்து தெருத்தெருவாகத் தமிழ் முஸ்லிம்கள் விற்ற சோறும் குழம்பும்தான் இன்று கடையாக நிற்கிறது. மீன், கோழி, வெண்டைக்காய் என்று காட்டிவிட்டு, ‘பாஞ்சிர்’ என்று சொல்லுங்கள். எல்லாக் குழம்பையும் கலந்து சோற்றின் மேல் ஊற்றுவார். சைவம் என்றால் லிட்டில் இந்தியாவில் வாழையிலைச் சாப்பாடு கிடைக்கும். இரண்டுக்கும் பிறகு, இழுத்து ஆற்றிய பால் தேநீரான தே தாரிக் ஒன்று.

இன்னும் பார்க்க ஆசையாக இருக்கிறது. அடுத்து எங்கே?

குர்த்வாரா சாலையில் இருக்கும் ஹின் பஸ் டிப்போவுக்குப் போங்கள். 1947-இல் கட்டிய பேருந்துப் பணிமனை, பிறகு கைவிடப்பட்டுக் கிடந்தது. 2014-இல் சகாரெவிச் அங்கே கண்காட்சி வைத்தார். அதிலிருந்து அது கலைக்கூடமாக மாறியது. இங்கே சுவர்கள் பெரியவை, ஓவியங்களில் துணிச்சல் அதிகம், பழையதன் மேலேயே புதிது வரைவார்கள் என்பதால் ஒவ்வொரு முறையும் வேறு ஒன்று இருக்கும். ஞாயிற்றுக்கிழமை என்றால் கைவினைச் சந்தையும் நடக்கும். பழைய நகரத்திலிருந்து நடந்தும் போகலாம். ஆனால் அது வெயிலில் நீளமான சாலை, பேருந்து அல்லது வாடகைக் கார் பிடிப்பது நல்லது.